எவர்சில்வர் டம்ளர்

'ஜூஸ்' குறும்படத்தை நேத்து ராத்திரி மூணாவது தடவையா பார்த்தேன். நீரஜ் கேவான் எடுத்த ஹிந்திப் படம், 2017ல வந்தது. கால் மணி நேரம்தான்.

கோடை ராத்திரி, நடுத்தரக் குடும்பத்து வீடு, விருந்து. ஹால்ல ஏர்கூலர் காத்துல ஆம்பளைங்க. குடியும் கொறிக்க வறுவலும். ஆபீஸ்ல பெண் அதிகாரி ஒருத்தர் மேல வந்துட்டாங்கன்னு நக்கல் வேற. அடுப்படியில அந்த வீட்டுக்காரி மஞ்சுவும் வந்தவங்களோட பொண்டாட்டிங்களும் வேர்த்து வழிஞ்சுக்கிட்டு நிக்கிறாங்க. கொண்டுவந்து வெச்ச டேபிள் ஃபேனும் காலை வாரிடுது. கடைசியில மஞ்சு ஒரு கிளாஸ் ஜூஸை எடுத்துக்கிட்டு வந்து, கூலர் முன்னாடி நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து புருஷனைப் பார்ப்பா. மஞ்சுவா நடிச்ச ஷெஃபாலி ஷாவுக்கு ஃபிலிம்ஃபேர் கிடைச்சது இதுக்குத்தான். அந்தக் கண்ணுக்கு இன்னும் நாலு கொடுக்கலாம்.

எல்லாரும் கொண்டாடுறது அந்தக் காட்சியை. எனக்கு உறுத்துறது அடுப்படி. வேலை செய்யற பொண்ணுக்கு டீ ஊத்தணும். மத்தவங்களுக்குப் பீங்கான் கோப்பை. அவளுக்கு மட்டும், கை ஒரு நொடி தயங்கி, தேடி எடுக்கிற எவர்சில்வர் டம்ளர். முதல் தடவை எனக்கு இது புரியவேயில்ல. நம்ம வீட்ல எல்லாருமே குடிக்கிறது எவர்சில்வர்லதானே! அப்புறம்தான் உறைச்சுது: நம்ம டீக்கடை இரட்டைக் குவளைதான் இது. ஹால்ல இருக்கிற ஒருத்தரும் அதை எடுக்கச் சொல்லல. வெக்கையில வேகுறவங்களே எடுக்கிறாங்க.

அதேமாதிரி பையன்கள் வீடியோ கேம் ஆடிட்டிருக்க, கூட விளையாடற சிறுமியை மட்டும் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுக்கக் கூப்பிடறதும் அடுப்படிக் குரல்தான்.

'பார்த்தியா, பொம்பளைக்குப் பொம்பளையே எதிரி'ன்னு கமெண்ட்ல யாரும் கிளம்ப வேணாம். கூலர் யார் பக்கம் திரும்பியிருக்குன்னு முதல்ல பாருங்க. ஆனா அந்த வீட்டுச் சட்டத்தை அடுத்த தலைமுறைக்குக் கைமாத்தற வேலையும் சமையலோட சேர்த்து நம்ம தலையிலதான் விழுந்திருக்கு. கைமாத்தறோம்னு தெரியாமலே மாத்தறோம்.

போன ஞாயித்துக்கிழமை எங்க வீட்ல மீன் குழம்பு. 'அண்ணனுக்குத் தட்டு வைடி'ன்னேன். 'ஏம்மா, அவனுக்குக் கை இல்லையா?'ன்னா. 'வாய் நீளுது உனக்கு'ன்னு ஒரு அதட்டு போட்டேன்.

அதுக்குள்ள நான் படத்தை ரெண்டு தடவை பார்த்திருந்தேன்.