டானிலோ பணத்துக்கு அலைந்தவன் இல்லை

ஃபிரான்ஸ் லெஹாரின் 'தி மெர்ரி விடோ' ஓபரெட்டாவை (இலகுவான இசை நாடகம்) 'பணக்கார விதவையை வளைத்துப் போடுபவனின் கதை' என்று எழுதியிருக்கிறீர்கள். கதை நேர் எதிர்.

1905-ல் வியன்னாவில் மேடையேறிய மூலத்தில், பணக்கார விதவை ஹன்னாவின் 2 கோடி ஃபிராங்க் சொத்து நாட்டை விட்டுப் போய்விடக் கூடாது என்று அவள் நாட்டுத் தூதர்தான் பதறுகிறார். கதாநாயகன் டானிலோவோ, பணத்துக்காக வந்தவன் என்று பேர் வாங்கப் பிடிக்காமலே காதலைச் சொல்ல மறுக்கிறான். மறுமணம் செய்தால் சொத்து தன் கையை விட்டுப் போய்விடும் என்று ஹன்னா சொன்ன பிறகுதான் வாய் திறக்கிறான். அப்புறம்தான் தெரிகிறது, அது புதுக் கணவனுக்குப் போகும் என்று!

எனக்கு மிகவும் பிடித்தது இருவரும் ஜோடியாகச் சுழன்று ஆடும் அந்த வால்ட்ஸ் நடனம். இரண்டாம் அங்கத்தில் வரிகள் இல்லாமல் ஆடுகிறார்கள். அதே மெட்டுக்கு மூன்றாம் அங்கத்தில்தான் சொற்கள் வருகின்றன.