பத்துக் காசு போட்

'ரஜூலா' கப்பல் என்று சொல்லிப் பாருங்கள், நம் பெரியவர்கள் ஒரு மணி நேரம் பேசுவார்கள். 1926-இல் கட்டிய கப்பல், நாகப்பட்டினம், பினாங்கு, வாந்தி, சோற்றுக்கு நின்ற வரிசை, எல்லாம் வரும். என் தாத்தா அதில் ஏறியது ஒரே தடவை. மலேசியாவின் பேராக் ஆற்றைக் கடக்கும் போட்டில் எத்தனை ஆயிரம் தடவை ஏறினாரோ! அதைப் பற்றி எங்காவது ஒரு வரி எழுதி வைத்திருக்கிறோமா?

போன மாதம் அந்த ஆற்றங்கரை ஊரான தெலுக் இந்தானில் பழைய படங்களின் கண்காட்சி ஒன்று பார்த்தேன். 1885-இல் கட்டிய சாய்ந்த கோபுரம் மட்டும் ஏழெட்டுப் படங்களில். (மணிக்கூண்டு என்கிறோம், உள்ளே ஊருக்கான தண்ணீர்த் தொட்டியும் இருந்தது.) 1893-இல் தாப்பா ரோடு ஸ்டேஷனிலிருந்து வந்த ரயில், துரைமார், அவர்கள் நாய். எங்கள் போட்? ஒரு படத்தின் ஓரத்தில் பாதி மூக்குத் தெரிந்தது.

மலாயில் இதற்குப் 'பெனம்பாங்' என்று பெயர். 'தம்பாங்' என்றால் கட்டணம். எங்கள் தோட்டத்தில் வெறும் 'போட்'தான். நான் சின்னவனாக இருந்தபோது ஆளுக்குப் பத்துக் காசு, சைக்கிளுக்குத் தனிக் காசு. போட் ஓட்டும் பாக்சிக்கிடம் (மலாயில் 'மாமா') இரண்டு பால் டின் இருக்கும். ஒன்றில் சில்லறை, இன்னொன்றால் போட்டுக்குள் ஊறும் தண்ணீரை மொண்டு ஊற்றுவார். சில சமயம் டின் மாறிவிடும், காசெல்லாம் சேறு. "ஆச்சி, டுடுக், டுடுக்!" என்று அவர் கத்தினால்தான் நம் பெண்கள் சேலையைச் சுருட்டிக்கொண்டு உட்காருவார்கள்.

நேராக எதிர்க்கரைக்கு விடவே மாட்டார். கடல் வற்றி ஆறு கீழே இழுக்கும் நேரத்தில் கரையோரமாகவே மேலே போய், பிறகு மூக்கைத் திருப்புவார். இழுப்பு எங்களைச் சாய்வாகக் கொண்டுபோய் அக்கரை ஜெட்டியில் சேர்க்கும். கடல் ஏறி ஆற்றுத் தண்ணீர் மேலே திரும்பும்போது இதே கணக்குத் தலைகீழ். இது எந்தப் பள்ளியில் படித்த கணக்கோ!

இப்போது சிலர், "பாலம் வந்து போட்டைக் கொன்றுவிட்டது" என்று உருகுகிறார்கள். எனக்கு அந்த உருக்கம் ஒட்டாது. பெரியம்மா அக்கரைத் தோட்டத்தில் இறந்தபோது, செய்தி சொல்ல வந்த பையன் வந்ததே கடைசி போட்டில். இருட்டிவிட்டது, இனி விடிந்தால்தான். அம்மா ராத்திரி முழுக்க ஜெட்டிப் பலகையில் உட்கார்ந்திருந்தார். எதிரே இழவு வீட்டு பெட்ரோமாக்ஸ் வெளிச்சம் தெரிகிறது, போக வழியில்லை. கோலகங்சாரில் இதே ஆற்றுக்கு 1932-லேயே இஸ்கந்தர் பாலம் வந்துவிட்டது. எங்கள் பக்கம் சுல்தான் யூசோப் பாலம் முடிந்தது 1988-இல். நடுவில் 56 வருஷம். அத்தனை வருஷமும் பிரசவ வலியும் பாம்புக் கடியும் போட்டுக்காகக் கரையில் காத்திருந்திருக்கின்றன.

எழுதினால் அதையும் சேர்த்து எழுத வேண்டும். சூரியன் மறையும் ஆற்றுப் படத்தைப் போட்டு இதயக்குறி குத்துவதில் எனக்கு ஆர்வமில்லை. எந்த ஜெட்டி, எவ்வளவு காசு, எத்தனை மணிக்குக் கடைசி போட், ஓட்டியவர் யார்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள், நான் எழுதி வைக்கிறேன்.

எங்கள் பாக்சிக் பெயரே எனக்குத் தெரியாது. எங்கள் லயத்து வரிசை வீடுகளில் யார் வீட்டில் யார் நோயில் படுத்திருக்கிறார்கள் என்பது வரை அவருக்குத் தெரியும். நேற்று போட்டின் நிறம் என்ன என்று வீட்டில் கேட்டேன். அம்மா பச்சை என்கிறார். அண்ணன் நீலம் என்று சண்டைக்கு வருகிறார்.