நாயைப் புனிதராக்கிய தாய்மார்கள்

இந்த ஈஸ்டருக்கும் தவறாமல் வந்துவிட்டது அந்தப் படம். பாபிலோனியப் பெண் தெய்வம் இஷ்டாரின் சிலை, பக்கத்தில் ஒரு முயல், நாலு கலர் முட்டை. கீழே, "ஈஸ்டர் என்பதே இஷ்டார்தான், கிறிஸ்தவர்கள் திருடிவிட்டார்கள்!" அனுப்பியவன் என் அக்கா மகன். கல்லூரியில் படிக்கிறான். எதைச் சொன்னாலும் "ஆதாரம் இருக்கா மாமா?" என்று கேட்பவன். இதற்கு மட்டும் கேட்கவில்லை.

அவனுக்குப் பதில் தட்ட ஆரம்பித்தேன், நீண்டுகொண்டே போனது. சரி, இங்கேயே போட்டுவிடலாம் என்று வந்துவிட்டேன்.

முதலில் பெயர் விவகாரம். ஆங்கிலத்திலும் ஜெர்மனிலும்தான் அந்தப் பண்டிகைக்கு இப்படி ஒரு பெயர். கிரேக்கம், லத்தீன், பிரெஞ்சு, இத்தாலியன், ரஷ்யன் எதை எடுத்தாலும் யூதர்களின் பாஸ்கா பண்டிகையின் பெயரிலிருந்து வந்த சொல்தான் இருக்கும். எங்கள் வீட்டுப் பெரியவர்களும் பாஸ்கா என்றுதான் சொல்வார்கள். பாஸ்காவில் இஷ்டாரை எங்கே கொண்டுபோய் ஒட்டுவது? ஆங்கிலச் சொல்லுக்குக் கிடைக்கும் விளக்கம் பீட் என்ற துறவி 725இல் எழுதியது. ஏப்ரல் மாதத்துக்கு ஆங்கிலேயர் முன்பு வைத்திருந்த பெயர் இயோஸ்த்ரே என்ற பெண் தெய்வத்தால் வந்தது என்கிறார். பழைய நூல்களில் அவளைப் பற்றி இருப்பது அந்த ஒரு குறிப்புதான். அதில் முயலும் இல்லை, முட்டையும் இல்லை.

முட்டைக்கு விளக்கம் அடுப்படியிலேயே இருக்கிறது. இடைக்கால ஐரோப்பாவில் தவக்காலம் (ஈஸ்டருக்கு முந்தைய நாற்பது நாள் நோன்பு) முழுக்க முட்டை கூடாது. தவக்காலம் என்று கோழிக்குத் தெரியுமா? அது பாட்டுக்கு இட்டுக்கொண்டே இருக்கும். பாஸ்கா ஞாயிறு அன்று வீடு நிறைய முட்டை. 1290இல் இங்கிலாந்து அரசர் முதலாம் எட்வர்டின் அரண்மனைக் கணக்கில் 450 முட்டைகளுக்கு 18 பென்னி செலவு எழுதியிருக்கிறது. சாயம் பூசியும் தங்கத் தாள் ஒட்டியும் பரிசாகக் கொடுத்திருக்கிறார்கள்.

டிசம்பர் 25 கொஞ்சம் சிக்கலானது. சூரிய தேவனின் பிறந்தநாளைத்தான் கிறிஸ்துமஸ் ஆக்கினார்கள் என்று நானே பல வருடம் மேடைபோட்டுச் சொல்லிக்கொண்டிருந்தேன். 274இல் பேரரசர் ஆரேலியன் ரோமில் 'வெல்ல முடியாத சூரியன்' என்ற தெய்வத்துக்குக் கோயில் கட்டியது உண்மைதான். ஆனால் டிசம்பர் 25இல் அந்தச் சூரியனுக்கு விழா இருந்தது என்று நமக்குத் தெளிவாகச் சொல்லும் மிகப் பழைய ஆவணம், 354ஆம் ஆண்டு ரோமில் தொகுத்த ஒரு நாட்காட்டி. கிறிஸ்து பிறந்தது டிசம்பர் 25 என்று ரோமில் குறித்து வைத்ததும் அதே நாட்காட்டியின் இன்னொரு பக்கம். யார் யாரைப் பார்த்து எழுதினார்கள் என்று அதை வைத்து எப்படிச் சொல்வது? மார்ச் 25இல் கருவுற்றார், ஒன்பது மாதம் கூட்டினால் டிசம்பர் 25 என்று கணக்குப் போட்ட கிறிஸ்தவர்களும் அந்தக் காலத்தில் இருந்தார்கள். இரண்டும் சேர்ந்தே நடந்திருக்கலாம் என்பதுதான் இப்போது என் நிலைப்பாடு.

ஆனால் ஒரு காட்சி எனக்கு ரொம்பப் பிடிக்கும். 450 வாக்கில் போப் முதலாம் லியோ மறையுரையில் அலுத்துக்கொள்கிறார். ரோமில் புனித பேதுரு பேராலயத்துக்குப் பூசைக்கு வரும் சில கிறிஸ்தவர்கள் படி ஏறி மேலே வந்ததும், உள்ளே போவதற்கு முன் திரும்பி நின்று, உதிக்கும் சூரியனைப் பார்த்துத் தலைவணங்கிவிட்டுப் போகிறார்களாம். அறியாமையாலும் செய்கிறார்கள், பழைய பழக்கத்தாலும் செய்கிறார்கள் என்று திட்டுகிறார்.

இந்தத் 'திருடினார்கள்' என்ற சொல்லே என்னை உறுத்துகிறது. திருட்டு என்றால் இரண்டு வீடு வேண்டும், ஒரு சுவர் வேண்டும், ஏறிக் குதிக்க ஒருவன் வேண்டும். லியோவின் படிக்கட்டில் அப்படி யாரும் இல்லை. பாட்டனார் கும்பிட்ட சூரியனைப் பேரனும் கும்பிடுகிறான், கும்பிட்டுவிட்டு நன்மை (பூசையில் தரும் அப்பம்) வாங்க உள்ளே போகிறான். அவ்வளவுதான்.

இதைச் சொன்னதும் எங்கள் கிறிஸ்தவ ஆட்களில் சிலர் குஷியாகி, "பார்த்தீர்களா, எல்லாம் சுத்தமான வேதாகம மரபு, பேகன் கலப்பே கிடையாது" என்று ஆரம்பிப்பார்கள். பேகன் என்றால் கிறிஸ்தவத்துக்கு முந்திய பழைய தெய்வ வழிபாடு. அதுவும் இல்லை. கலப்பை உத்தரவு போட்டே அனுமதித்த போப் ஒருவர் இருக்கிறார். 601ஆம் ஆண்டு, முதலாம் கிரகோரி. இங்கிலாந்தில் கென்ட் அரசர் எதெல்பெர்ட் அப்போதுதான் மதம் மாறியிருக்கிறார். அவருக்கு எழுதிய கடிதத்தில், சிலை வழிபாட்டை ஒழி, கோயில்களை இடி என்கிறார் கிரகோரி. சில வாரம் கழித்து, இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்த மெலித்துஸ் என்ற துறவிக்கு இன்னொரு கடிதம். ரொம்ப யோசித்துப் பார்த்தேன், கோயில்களை இடிக்க வேண்டாம், உள்ளே இருக்கும் சிலைகளை மட்டும் அகற்று, தீர்த்தம் தெளித்து, பீடம் வைத்து, புனிதர்களின் திருப்பண்டங்களை (எலும்பு, உடை போன்ற நினைவுப் பொருள்களை) வை என்கிறார். பழகிய இடத்துக்கு வருவதென்றால் ஜனங்கள் தயங்காமல் வருவார்களாம். மாடு பலியிட்டுப் பழகியவர்களா? சரி, கோயில் திருநாளன்று சுற்றிலும் தழைப் பந்தல் போட்டு, மாட்டை வெட்டிச் சமைத்துக் கடவுளுக்கு நன்றி சொல்லிச் சாப்பிடட்டும். மலை ஏறுகிறவன் ஒவ்வொரு அடியாகத்தான் ஏறுவான், தாவ மாட்டான் என்று காரணமும் சொல்கிறார்.

அந்த அனுமதி இல்லாமலே ஜனங்கள் வேறு மாதிரியும் சமாளித்தார்கள். கிழக்கு ஆங்கிலியாவின் அரசர் ரெட்வால்ட் கென்டுக்குப் போய் ஞானஸ்நானம் வாங்கிவிட்டு ஊர் திரும்பினார். வீட்டம்மாவும் சில ஆலோசகர்களும் வேண்டாம் என்றார்கள். மனிதர் என்ன செய்தார்? ஒரே கோயிலுக்குள் கிறிஸ்துவுக்கு ஒரு பீடம், பழைய தெய்வங்களுக்குப் பலியிட ஒரு சின்னப் பீடம். முட்டை, முயலை எல்லாம் விட்டுவிட்டு நீங்கள் மீம் போட வேண்டியது இந்த ஆளைத்தான். இதையும் எழுதிவைத்தவர் பீட்தான், பல்லைக் கடித்துக்கொண்டு.

எல்லா இடத்திலும் இப்படி விட்டுக்கொடுத்துப் போகவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். 772இல் பிராங்குகளின் கிறிஸ்தவ அரசர் சார்லமேன், வட ஜெர்மனியில் பழைய தெய்வங்களைக் கும்பிட்டுவந்த சாக்சனியரின் புனிதத் தூணான இர்மின்சூலை அழித்தார். 782இல் வெர்டன் என்ற இடத்தில் 4,500 சாக்சனியரை ஒரே நாளில் தலை வெட்டியதாக அவருடைய அரசு ஆண்டுக்குறிப்பே சொல்கிறது. பிறகு சட்டம் வந்தது. ஞானஸ்நானம் வாங்க மறுத்தால் மரணம், இறந்தவரைப் பழைய முறைப்படி எரித்தால் மரணம், தவக்காலத்தை அவமதித்து இறைச்சி தின்றால் மரணம். இதற்கு ஒரு சப்பைக்கட்டும் என்னிடம் இல்லை. 'திருடினார்கள்' என்று சொல்பவன் இதைப் பேசமாட்டான். இதைப் பேச நாலு பக்கம் படிக்க வேண்டும், முயல் படத்துக்கு ஒரு நொடி போதும்.

இப்போது நான் சொல்ல வந்த கதைக்கு வருகிறேன்.

1250 வாக்கில், பிரான்சில் லியோன் நகருக்கு வடக்கே ஏரி குளங்கள் நிறைந்த தோம்ப் பகுதி. ஸ்தேவான் தெ பூர்போன் என்ற டொமினிக்கன் சபைத் துறவி பில்லி சூனியத்துக்கு எதிராகப் பிரசங்கம் செய்துகொண்டு ஊர் ஊராகப் போகிறார். பாவசங்கீர்த்தனம் (செய்த பாவங்களைச் சாமியாரிடம் சொல்வது) கேட்க உட்கார்ந்தால், பெண்கள் ஒருவர் பின் ஒருவராக ஒரே விஷயத்தைச் சொல்கிறார்கள். "சாமி, குழந்தையைப் புனித கினஃபோரிடம் தூக்கிக்கொண்டு போனேன்." யாரோ ஒரு புனிதர் போலிருக்கிறது என்று முதலில் நினைத்திருக்கிறார். விசாரித்தால், கினஃபோர் ஒரு வேட்டை நாய்.

ஊர் சொன்ன கதை இது. ஒரு கோட்டை வீட்டில் பிரபு, மனைவி, கைக்குழந்தை. ஒருநாள் தொட்டிலில் குழந்தை தனியாக இருந்தபோது பெரிய பாம்பு ஒன்று உள்ளே வந்தது. நாய் பாய்ந்தது. சண்டையில் தொட்டில் கவிழ்ந்தது. பாம்பைக் குதறித் தூர எறிந்துவிட்டு, ரத்தம் வழியும் வாயோடு தொட்டில் பக்கத்திலேயே நின்றது நாய். தாதி வந்து பார்த்து அலறினாள், தாய் அலறினாள், பிரபு வாளை உருவி நாயை வெட்டிப்போட்டார். அப்புறம் தொட்டிலைத் தூக்கிப் பார்த்தால் குழந்தை அமைதியாகத் தூங்குகிறது.

எங்கேயோ கேட்ட மாதிரி இல்லை? கீரிப்பிள்ளை கதைதான். நம் வீட்டில் தண்ணீர்க் குடத்தோடு வரும் பார்ப்பனி, அங்கே தாதியும் வாளோடு வரும் பிரபுவும். பஞ்சதந்திரம் 6ஆம் நூற்றாண்டில் பாரசீகத்துக்கும் 8ஆம் நூற்றாண்டில் அரபிக்கும் போய், அங்கிருந்து ஐரோப்பா சேர்ந்தது. கீரியைப் பார்த்திராத ஊரில் அது நாயாகிவிட்டது. அந்தப் பயணத்தோடு வந்த கதைதான் கினஃபோருடையதும் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். சிலப்பதிகாரத்திலேயே அடைக்கலக் காதையில் இது வருகிறதே. கீரியைக் கொன்ற மனைவியை விட்டுவிட்டுக் கணவன் வடக்கே போய்விடுகிறான். அவன் எழுதிக் கொடுத்த வடமொழி ஏட்டைக் கையில் வைத்துக்கொண்டு அவள் புகார் வீதிகளில் அலைகிறாள். கோவலன்தான் தானம் செய்து அவள் பாவத்தைப் போக்கி, கணவனோடு சேர்த்துவைக்கிறான்.

அக்கா மகனே, இப்போது சொல். கதை இந்தப் பக்கத்திலிருந்து போனது. கினஃபோர் என்ற பெயரில் இத்தாலியின் பாவியா நகரில் ஒரு மனிதப் புனிதரும் இருக்கிறார். சடங்கோ அந்தக் காட்டுக்கே உரியது. இதில் எதைத் திருட்டு என்பாய், யார் மேல் கேஸ் போடுவாய்?

நாயை வாசலில் இருந்த கிணற்றில் போட்டு, மேலே கல் குவித்து, நினைவாக மரங்கள் நட்டார்களாம். பிறகு கோட்டை அழிந்தது, இடம் காடானது. ஆனால் உழவர்கள் அந்த நாயை வேதசாட்சி (விசுவாசத்துக்காக உயிர்விட்ட புனிதர்) என்றார்கள். குற்றம் செய்யாமல் செத்தது அல்லவா? நோஞ்சான் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு அங்கே வந்தார்கள். பக்கத்து ஊர்க் கிழவி ஒருத்தி முறை சொல்லிக்கொடுப்பாள். உப்பு காணிக்கை வைக்க வேண்டும். குழந்தையின் துணியைப் புதரில் தொங்கவிட வேண்டும். மரத்தில் ஆணி அடிக்க வேண்டும். இரண்டு அடிமரத்துக்கு நடுவே அம்மணமான குழந்தையை இந்தப் பக்கம் தாய், அந்தப் பக்கம் கிழவி நின்று ஒன்பது முறை கைமாற்றி வீச வேண்டும்.

உப்பு என்றதும் எனக்கு எங்கள் அம்மா ஞாபகம். தம்பிக்குக் காய்ச்சல் விடாமல் அடித்தபோது, அந்தோணியார் கோயிலில் உப்பும் மிளகும் கொட்டிவிட்டு வந்தார். அடுத்த ஞாயிறு பிரசங்கத்தில் அப்போதைய பங்குச் சாமியார் "உப்பு மிளகு கொட்டும் மூடநம்பிக்கை" என்று ஆரம்பித்தார். அம்மா தலையைக் குனிந்துகொண்டே இருந்தார். வீட்டுக்கு வந்து, "அவருக்கென்ன, பிள்ளையா குட்டியா" என்றார். தம்பி பிழைத்தது மாத்திரையாலும்தான், அதை அம்மாவே ஒத்துக்கொள்வார்.

'பேகன்' என்ற சொல்லின் லத்தீன் மூலம் பாகானுஸ். முதலில் அதற்கு நாட்டுப்புறத்தான் என்றுதான் பொருள். பட்டணத்துக் கிறிஸ்தவன் பட்டிக்காட்டானைப் பார்த்துச் சொன்ன சொல் என்பது ஒரு விளக்கம். தோம்ப் உழவர்கள் ஞானஸ்நானம் வாங்கியவர்கள், பாவசங்கீர்த்தனம் செய்பவர்கள். அதனால்தானே இந்தக் கதையே வெளியே வந்தது! ஆனாலும் ஸ்தேவான் பார்வையில் அவர்கள் பாகானுஸ்தான். நாயைத் தோண்டி எடுத்து, மரங்களை வெட்டி, எலும்புகளோடு சேர்த்து எரிக்கச் செய்தார். இனி அங்கே கூடினால் சொத்து பறிமுதல் என்று அந்தப் பகுதிப் பிரபுக்களை அறிவிக்கவும் வைத்தார்.

பலன்? 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் உள்ளூர் ஆய்வாளர்கள் விசாரித்தபோதும் அந்தக் காட்டுக்குப் பெயர் புனித கினஃபோர் காடு. அப்போதும் சீக்காளிக் குழந்தைகளுக்காக அங்கே ஆட்கள் போய்க்கொண்டிருந்தார்கள். 600 வருடம்!

இதை ஏதோ அழகான நாட்டுப்புற வழிபாடு என்று கொண்டாட எனக்கு மனம் வரவில்லை. அந்தச் சடங்கின் மீதியையும் கேளுங்கள். நோயாளிக் குழந்தை தன் குழந்தையே இல்லை, காட்டுப் பேய்கள் மாற்றி வைத்துவிட்டுப் போனது என்பது நம்பிக்கை. ஆகவே குழந்தையை மரத்தடியில் வைக்கோலில் அம்மணமாகப் படுக்கவைத்து, தலைமாட்டில் இரண்டு சின்ன மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு, அது எரிந்து முடியும் வரை தாய் தூரப் போய்விட வேண்டும். அழுகை காதில் விழக் கூடாது, எட்டிப் பார்க்கவும் கூடாது. உங்களுடையதை எடுத்துக்கொண்டு எங்களுடையதைத் திருப்பிக் கொடுங்கள் என்று பேய்களிடம் கேட்டுவிட்டுப் போவது. மெழுகுவர்த்தி விழுந்து குழந்தை எரிந்துபோனதும் உண்டு என்று ஸ்தேவான் எழுதுகிறார். பிழைத்தால் சலரோன் ஆற்றில் ஒன்பது முக்கு. அவருடைய கோபம் எனக்குப் புரிகிறது. அந்தத் தாய்மார்களுக்கு வேறு வைத்தியர் யார் இருந்தார்கள் என்றும் புரிகிறது.

அவரிடம் ஒரு பெண் இன்னொன்றும் சொல்லியிருக்கிறாள். பேய்களை அழைத்துவிட்டுக் குழந்தையைப் போட்டுவிட்டு அவளும் திரும்பி நடந்திருக்கிறாள். காட்டிலிருந்து ஒரு ஓநாய் குழந்தையை நோக்கிப் போவது கண்ணில் பட்டது. ஓநாயாகவும் இருக்கலாம், ஓநாய் வேடத்தில் வந்த பேயாகவும் இருக்கலாம் என்கிறாள் அவளே. பேய் என்றால் அது தன் பிள்ளையை எடுத்துக்கொண்டு இவள் பிள்ளையைக் கொடுக்கத்தான் வருகிறது. முறைப்படி அவள் விலகிப் போயிருக்க வேண்டும். ஓடிப்போய் விரட்டிவிட்டாள்.