மறுநடிப்புக் காட்சிகள் குறித்து
குற்ற ஆவணப்படங்களில் நடிகர்களைக் கொண்டு சம்பவத்தை மீண்டும் படமாக்குவது உண்மைக்குச் செய்யும் துரோகம் என்று கட்டுரையாளர் எழுதியிருப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. ஆவணப்பட இயக்குநர் எரோல் மோரிஸ் 1988இல் வெளியிட்ட 'தி தின் ப்ளூ லைன்' படத்தில், 1976இல் டல்லாஸ் நகரில் காவலர் ஒருவர் சுட்டுக் கொல்லப்பட்ட சம்பவம் திரும்பத் திரும்ப நடித்துக் காட்டப்படுகிறது. ஆனால் ஒவ்வொரு முறையும் வெவ்வேறு கூற்றுகளின்படி அது மாறிக்கொண்டே இருப்பதால், சாட்சியங்கள் ஒன்றோடொன்று முரண்படுவது பார்ப்பவருக்குத் தானாகவே விளங்கிவிடுகிறது. மோரிஸ் தனியார் துப்பறிவாளராகவும் பணியாற்றியவர். வழக்கு ஆவணங்களைப் படித்து, சாட்சிகளைத் தேடிச் சென்று, அவர்களைத் தடையின்றிப் பேசவிட்ட அந்தப் பொறுமைதான் படத்தின் உயிர். கேமரா பழுதானதால் ஒலிநாடாவில் மட்டும் பதிவான, அவ்வழக்கின் முக்கிய சாட்சி டேவிட் ஹாரிஸின் இறுதி நேர்காணல், அக்கொலைக்காக விதிக்கப்பட்ட மரண தண்டனை ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டுச் சிறையில் இருந்த ராண்டல் டேல் ஆடம்ஸ் குற்றமற்றவர் என்பதை உணர்த்தியது. 1989இல் அவர் விடுதலையானார்.

அதன் பிறகு, தம் வாழ்க்கைக் கதையின் உரிமை தொடர்பாக ஆடம்ஸ் மோரிஸ் மீதே வழக்குத் தொடுத்தார். ஒருவருடைய துயரக் கதை யாருக்குச் சொந்தம் என்ற இக்கேள்வியைக் கட்டுரை தொடவேயில்லை. மறுநடிப்பைவிட இதுவே விரிவாகப் பேசப்பட வேண்டியது என்பது என் உறுதியான கருத்து.