மரம் நட்ட பிள்ளைகளிடம் கேட் சாவியைக் கொடுங்கள்

அண்ணாந்து பார்த்தால் சேர்வராயன் மலை தெரியும், ஆனால் மைதானத்தில் ஒதுங்கி நிற்க நிழல் இருக்காது. சேலத்தில் பல பள்ளிகளின் நிலைமை இதுதான். எங்கள் பகுதி அரசு நடுநிலைப் பள்ளியிலும் மதிலோரம் சீமைக்கருவேலம், உடைந்த பெஞ்சு, தெருவிலிருந்து வீசிய குப்பை என்றுதான் கிடந்தது. போன ஆடியில் ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் அதையெல்லாம் ஒதுக்கிவிட்டு புங்கை, வேம்பு, நாவல் நட்டார்கள்.

நட்டதைவிட எனக்குப் பிடித்தது தண்ணீருக்குச் செய்த ஏற்பாடு. சத்துணவு சாப்பிட்டுத் தட்டு கழுவும் குழாயடியிலிருந்து மண்வெட்டியால் வாய்க்கால் இழுத்து, குழிக்குக் குழி மடை வைத்திருக்கிறார்கள். பருக்கை போய் அடைக்காமலிருக்க வாய்க்கால் தலைப்பில் ஒரு கொசுவலைத் துண்டு. ஒரு குழி நிரம்பியதும் ஒரு சிறுமி போய்க் காலாலேயே மண்ணைத் தள்ளி மடையை அடைத்து, அடுத்ததைத் திறந்துவிடுகிறாள். காட்டு வேலை தெரிந்த வீட்டுப் பிள்ளையாகத்தான் இருக்கும்.

புங்கையைத் தேர்ந்தெடுத்ததும் நல்ல யோசனை. இலை கொட்டினாலும் சீக்கிரம் துளிர்த்துச் சித்திரை வெயிலில் நிழல் கொடுத்துவிடும். மயில்கொன்றை பார்க்க அழகுதான், ஆனால் காற்றடித்தால் கிளை முறியும். பிள்ளைகள் ஓடியாடும் இடத்துக்கு ஆகாது.

சரி, சிக்கல் எங்கே? பள்ளி மூடினால் தட்டு கழுவும் தண்ணீரும் நின்றுவிடும். கோடை விடுமுறை முழுக்கக் கேட்டுக்குப் பூட்டு. வெயில் 100 டிகிரியைத் தாண்டுவதும் அப்போதுதான். அப்புறம் ஜூன் 5 சுற்றுச்சூழல் தினம் வரும், காய்ந்த குழியிலேயே புதுக் கன்று வைத்து போட்டோ எடுப்பார்கள். 2022-ல் தொடங்கிய பசுமைத் தமிழ்நாடு இயக்கத்தின் இலக்கு, மாநிலத்தின் பசுமைப் பரப்பை 33 சதவீதமாக்குவது. நல்லது. கணக்கை மட்டும் நட்ட அன்று எடுக்காமல், கோடை முடிந்து பள்ளி திறக்கும் அன்று எடுக்கட்டும்.

பக்கத்துத் தெருப் பிள்ளைகள் விடுமுறையிலும் தண்ணீர் ஊற்றத் தயார். கேட்டதற்கு, பாதுகாப்பு இல்லை என்று பதில் வந்ததாம். மதிலேறிக் குதித்து கிரிக்கெட் ஆடுபவர்கள் யாரும் சாவி கேட்பதில்லை என்பது வேறு விஷயம்! காலையில் ஒரு மணி நேரம் கூட நிற்க ஒரு பெரியவர் இருந்தால் போதும். கல்வி உரிமைச் சட்டப்படி பள்ளி மேலாண்மைக் குழுவில் முக்கால்வாசிப் பேர் பெற்றோர்தான். நம் தெருக்காரர்களும் அதில் இருக்கிறீர்கள். அடுத்த கூட்டத்தில் யாராவது ஒருவர் பொறுப்பேற்றுச் சாவியை வாங்குங்கள். எங்கள் வீட்டு போர் மோட்டாரை நான் போட்டுவிடுகிறேன், நீளமான ஓஸ் வைத்திருப்பவர்கள் கமெண்டில் சொல்லுங்கள்.