சிப்பி ஓட்டுக்குள்ள குளம் கட்டி நிக்குது, நீங்க சீஸைத் தூவிக்கிட்டு இருக்கீங்க!

ஆய்ஸ்டர் ராக்கஃபெல்லர், அதாவது ஓட்டோட இருக்கிற சிப்பி மேல வெண்ணெய்க் கலவையை வெச்சு ஓவன்ல சுடுற பண்டம், அதைச் செய்யக் கத்துத் தர்றேன்னு கிளம்புற எல்லாரும் மேல வைக்கிற வெண்ணெய்க் கலவையைப் பத்தி மட்டும்தான் பேசுறாங்க. அடியில நிக்கிற தண்ணியைப் பத்தி ஒரு வார்த்தை கிடையாது. கடைசியில ஓவனைத் திறந்தா ஓட்டுக்குள்ள பச்சையா எண்ணெய் மிதக்குற கஞ்சி, அதுக்கு நடுவுல சுருங்கிப்போன ரப்பர் துண்டு. டஜன் கணக்குல காசு கொடுத்து வாங்கின சிப்பி சார் அது!

சூடு பட்டாலே சிப்பி தண்ணி விடும். ஏற்கெனவே ஓட்டுல உப்புநீர் ததும்பி நின்னா வெண்ணெய் உருகி அதுல மிதக்காம என்ன செய்யும்? குழிவான ஓடு கீழ இருக்கிற மாதிரி ஈரத்துணியில பிடிச்சு, மூட்டுல கத்தியை நுழைச்சுத் திருகித் திறங்க. அடியில ஒட்டியிருக்கிற தசையை அறுத்து விடுங்க. ஒரு ஸ்பூன் தண்ணியை மட்டும் ஓட்டுல விட்டுட்டு மிச்சத்தை வடிகட்டி எடுத்து வைங்க. கொட்டிடாதீங்க, ருசியே அதுலதான் இருக்கு. அடுப்புல சுண்ட வெச்சு, ஆறினதும் கலவையில சேர்த்தா ஆச்சு.

அடுத்த கூத்து, கலவைக்குன்னு கழுவின தழையை ஈரத்தோட நறுக்குறது. துணியில ஒத்தி எடுக்கக்கூட பொறுமை இல்லையா? இதுல கீரை வேற. 1899ல அமெரிக்காவோட நியூ ஆர்லியன்ஸ் ஊர்ல ஆன்ட்வான்ஸ் உணவகத்துல ஜூல்ஸ் அல்சியடோர் உருவாக்கின பண்டம் இது. செய்முறை இன்னிக்கும் ரகசியம், ஆனா கீரை கிடையாதுன்னு அந்த உணவகமே சொல்லியாச்சு. யாரு கேக்குறா? போடணும்னே அடம்பிடிச்சா வதக்கி, ஒட்டப் பிழிஞ்சிட்டுப் போடுங்க.

24 சிப்பிக்கு 120 கிராம் வெண்ணெய். உப்பில்லாத வெண்ணெய், சொல்லிட்டேன், சிப்பியிலயே கடல் உப்பு இருக்கு. ஒரு கைப்பிடி பார்ஸ்லி, நாலு வெங்காயத்தாள், ஒரு செலரித் தண்டு, ஒரு டீஸ்பூன் டாரகன் தழை, அரை கப் வறுத்த ரொட்டித்தூள், சோம்பு வாசத்துக்கு ஒரு மேசைக்கரண்டி ஹெர்ப்செயின்ட் இல்லன்னா பெர்னோ, ரெண்டும் சோம்பு வாசமுள்ள மதுவகை. வெண்ணெயை உருக்காதீங்க! இளகின வெண்ணெய்ல எல்லாத்தையும் பிசைஞ்சு அரை மணி நேரம் ஃப்ரிட்ஜ்ல வைங்க. கெட்டியா இருந்தாதான் மெதுவா இளகி சிப்பியைப் போர்த்தும், ரொட்டித்தூளும் தண்ணியை இழுத்துக்கும். ஒரு சிப்பிக்குக் குவிச்சு ஒரு டீஸ்பூன் போதும்.

தட்டுல கல்லுப்பைப் பரப்பச் சொல்றது அழகுக்குன்னு நினைக்கிற கூட்டம் ஒண்ணு இருக்கு. உப்பில்லாம வெச்சா ஓடு சாயும், வெண்ணெய் தட்டுல ஓடும், புகை கிளம்பும். உப்புத் தட்டைக் காலியாவே 230 டிகிரி செல்சியஸ் ஓவன்ல கால் மணி நேரம் சூடாக்கி, அதுக்கு அப்புறம் ஓட்டைப் பதிங்க. அடியிலயிருந்து சூடு ஏறினாதான் மேல கருகுறதுக்குள்ள உள்ளே வேகும். வெறும் மேல்சூட்டுல வாட்டினா ரொட்டித்தூள் கரி, சிப்பி பச்சை. அதே 230ல பத்து நிமிஷம். ஓரம் சுருண்டு நுரை கொதிச்சா எடுத்துடணும். நிறம் வரலைன்னா கடைசி ஒரு நிமிஷம் மட்டும் மேல்சூடு.

பத்து நிமிஷம்னு சொல்றது சும்மா இல்ல. வெதுவெதுப்பான கடல்ல விப்ரியோ வல்னிஃபிகஸ்னு ஒரு பாக்டீரியா இருக்கு, சிப்பி வழியா உள்ளே போனா உயிருக்கே ஆபத்து, கல்லீரல் நோய் இருக்கிறவங்களுக்கு ரொம்பவே. "எலுமிச்சை பிழிஞ்சா போதும், டபாஸ்கோ காரச் சாஸ் ஊத்தினா கிருமி செத்துடும்"னு சொல்ற மேதாவிங்க தயவுசெஞ்சு வாயை மூடணும். எலுமிச்சையும் சாகடிக்காது, காரமும் சாகடிக்காது, சாராயமும் சாகடிக்காது. சூடு ஒண்ணுதான். வாங்கும்போதே வாய் பிளந்து, தட்டினாலும் மூடாத சிப்பியை வெண்ணெய் போட்டு மறைக்கிறவங்களை என்ன சொல்றதுன்னே தெரியல. அது குப்பைக்குப் போகணும், ஓவனுக்கு இல்ல.