போஸ்டர்ல இல்லாத பேரு

எங்க அப்பா சேலத்துல 'பில்லா'வை அஞ்சு தடவை பார்த்தவர். போன வாரம், "அந்தக் கதை யாரு எழுதினதுன்னு தெரியுமாப்பா?"ன்னு கேட்டேன். "அது ரஜினி படம்டா"ன்னுட்டு டம்ளரைக் கையில எடுத்துட்டார்.

எழுதினது சலீம்-ஜாவேத். சலீம் கான், ஜாவேத் அக்தர்னு ரெண்டு பேர் சேர்ந்த இந்தி எழுத்தாளர் ஜோடி. 1978ல வந்த இந்தி 'டான்'தான் 1980ல நம்ம 'பில்லா'. எம்.ஜி.ஆரோட 'சிரித்து வாழ வேண்டும்', 'நாளை நமதே', ரஜினியோட 'தீ', எல்லாத்துக்கும் மூலம் இவங்க கை பட்ட படங்கதான். இதுல சலீம் கான் இந்தூர்ல இருந்து பம்பாய்க்கு வந்தது எழுத இல்லீங்க, ஹீரோ ஆக. ஆளு லட்சணமா இருப்பார், 'பிரின்ஸ் சலீம்'னு பட்டம் வேற. கிடைச்சதெல்லாம் துண்டு வேஷம். 1966ல வந்த 'தீஸ்ரி மன்ஸில்'லயும் சின்ன ரோல்தான். அப்புறம் அப்ரார் ஆல்விங்கிற எழுத்தாளர்கிட்ட உதவியாளாச் சேர்ந்துட்டார்.

"நடிப்பு வரலை, எழுதப் போய்ட்டார்"னு இதை ஒரே வரியில முடிக்கிறாங்க பாருங்க, அதுதான் எனக்கு ஒப்பலை. அந்த வருஷங்கதான் அவருக்குப் பள்ளிக்கூடம்னு நான் சொல்வேன்.

சொந்த அனுபவம் ஒண்ணு இருக்கு. நண்பனோட குறும்படத்துல எனக்குப் பெரியப்பா வேஷம். ஏற்காட்டுல, பனி விலகாத காலையில ஷூட்டிங். வசனம் இது: "நான் இங்கிருந்து சென்றுவிடுவதே உங்கள் அனைவருக்கும் நல்லது." ஒன்பது டேக். பல்லு தந்தியடிக்குது, 'சென்றுவிடுவதே'கிட்ட நாக்கு மடங்குது. பத்தாவது டேக்ல வாய்தவறி, "அப்ப நான் கெளம்பறனுங்க"ன்னு துண்டை உதறித் தோள்ல போட்டேன். அதுதான் ஓகே ஆச்சு. மத்தவன் எழுதினதை நாக்குல வச்சுத் திணறினவனுக்குத்தான் எந்த வார்த்தையை வெட்டணும்னு தெரியும்.

சேலத்துக்காரங்களுக்கு இதெல்லாம் புதுசும் இல்லை. நம்மூரு மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோவுல கதை இலாகான்னே தனியா இருந்துச்சு. 1950ல அவங்க எடுத்த 'மந்திரி குமாரி'க்குக் கூட்டம் வந்ததுல கலைஞர் வசனத்துக்குப் பெரிய பங்கு உண்டு. இன்னைக்கு ஏற்காடு ரோட்டுல அந்த ஸ்டுடியோ ஆர்ச் முன்னாடி செல்ஃபி எடுக்கிற பசங்ககிட்ட வசனகர்த்தா பேரு ஒண்ணு கேட்டுப் பாருங்க.

1973ல சலீம்-ஜாவேத் எழுதின 'சஞ்சீர்' வந்தப்போ போஸ்டர்ல எழுதினவங்க பேரே இல்லை. சலீமும் ஜாவேதும் ஒரு பெயிண்டரைப் பிடிச்சு, ஒட்டின போஸ்டர் மேலேயே தங்களோட பேரை எழுத வச்சாங்க. அந்த ஆளு இடம் பொருள் பார்க்காம நடிகருங்க மூஞ்சி மேலயும் எழுதிட்டுப் போய்ட்டாராம்.

அப்பாகிட்ட இதையும் சொன்னேன். முழுசாக் கேட்டுட்டு, "பெயிண்டருக்கு எவ்வளவு குடுத்தாங்களாம்?"ங்கிறார்.